தமிழ்நாட்டு அர்ச்சகர் நியமன வழக்குகள்

தமிழ்நாட்டு அர்ச்சகர் நியமன வழக்குகள் என்பவை, தமிழ்நாடு இந்து சமய அறநிலையத் துறையின் கட்டுப்பாட்டில் உள்ள கோயில்களில் அர்ச்சகர் பணியிடங்களை யார் நிரப்பலாம், எந்தத் தகுதியைக் கொண்டு நிரப்பலாம் என்பது குறித்து 1971 முதல் இந்திய உச்ச நீதிமன்றத்திலும் சென்னை உயர் நீதிமன்றத்திலும் நடந்துவரும் வழக்குகளைக் குறிக்கும். இவற்றுள் 1972 இல் தீர்ப்பு வழங்கப்பட்ட சேசம்மாள் வழக்கு அடிப்படையானது. பின்வந்த எல்லாத் தீர்ப்புகளும் அந்தத் தீர்ப்புக்குப் பொருள் கூறும் முயற்சிகளே எனலாம்.

திருச்சிராப்பள்ளி மாவட்டத்துக்கு இவ்வழக்குகளோடு இருவகையில் தொடர்பு உண்டு. அரசு தொடங்கிய வைணவ அர்ச்சகர் பயிற்சிப் பள்ளிகள் இரண்டில் ஒன்று ஸ்ரீரங்கத்தில் (திருவரங்கம்) அமைந்தது. ஸ்ரீரங்கம் வட்டத்திலுள்ள குமாரவயலூர் சுப்பிரமணிய சுவாமி கோயிலில் 2021 இல் செய்யப்பட்ட இரண்டு நியமனங்கள் 2023 இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையால் நீக்கப்பட்டன.

அர்ச்சகர் பணியின் சட்ட நிலை

கோயில் அர்ச்சகர் அரசு ஊழியர் அல்லர். அவருக்கான ஊதியம் கோயில் நிதியிலிருந்தே வழங்கப்படுகிறது, அரசுக் கருவூலத்திலிருந்து அன்று. பல சிறிய கோயில்களில் ஊதியம் பெயரளவுக்கே உள்ளது, தட்டில் விழும் காணிக்கையே உண்மையான வருவாய். ஆயினும் பணியிடத்தை நிரப்பும் அதிகாரம் 1959 ஆம் ஆண்டின் தமிழ்நாடு இந்து சமய அறநிலையக் கொடைகள் சட்டத்திலிருந்து வருகிறது. சட்டப்படி நியமிப்பவர் கோயிலின் அறங்காவலர். அறங்காவலர் குழு இல்லாத கோயில்களில் அரசு அமர்த்தும் தக்கார் அவ்விடத்தில் இருந்து செயல்படுகிறார். செயல் அலுவலர் துறையைச் சேர்ந்தவர். பணி விதிகளை வகுப்பது மாநில அரசு. எனவே விளம்பரம், விண்ணப்பம், கல்வித் தகுதி, வயது வரம்பு, நேர்காணல் என்று எல்லாம் அரசு வேலைக்கு ஆள் எடுப்பது போலவே நடைபெறுகின்றன. பிழை நேர்ந்ததாகக் கருதுபவர் உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனு இடுவதும் அவ்வாறே.

இந்திய அரசியலமைப்பின் 16 ஆம் உறுப்பு பொதுப்பணிகளில் சம வாய்ப்பை உறுதி செய்கிறது. அதே உறுப்பின் 5 ஆம் உட்பிரிவு, ஒரு சமய நிறுவனத்தின் அலுவலுக்கு உரியவர் குறிப்பிட்ட சமயத்தையோ சமயப் பிரிவையோ சேர்ந்தவராக இருக்கவேண்டும் என்று கூறும் சட்டத்துக்கு விலக்களிக்கிறது. சமயப் பிரிவு என்பது எங்கே முடிகிறது, சாதி எங்கே தொடங்குகிறது என்னும் கேள்வியே அரை நூற்றாண்டு காலமாக இவ்வழக்குகளில் திரும்பத் திரும்ப எழுகிறது.

பரம்பரை உரிமை

1959 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 55 ஆம் பிரிவு, பரம்பரைப் பணியிடம் காலியானால் வாரிசு வரிசையில் அடுத்து வருபவருக்கே அது உரியது என்று கூறியது. அவர் வயது வராதவராக இருந்தாலோ, வாரிசுரிமையில் தகராறு இருந்தாலோ மட்டுமே அறங்காவலர் தற்காலிகமாக வேறொருவரை அமர்த்தலாம். பரம்பரை அர்ச்சகரும் கூட அறங்காவலரின் ஒழுங்கு நடவடிக்கைக்கு உட்பட்ட பணியாளரே என்று சென்னை உயர் நீதிமன்றம் சேசாத்திரி ஐயங்கார் எதிர் ரங்க பட்டர் வழக்கில் ஏற்கெனவே கூறியிருந்தது. விடுதலைக்கு முற்பட்ட இத்தீர்ப்பு பிற்காலத்தில் அரசுத் தரப்புக்குப் பெரிதும் பயன்பட்டது.

தகுதி பற்றிய விதியும் அக்காலத்திலேயே இருந்தது. 1964 ஆம் ஆண்டுப் பணி விதிகளின் 12 ஆம் விதிப்படி, பரம்பரை அர்ச்சகரானாலும் அல்லாதவரானாலும் பணியேற்குமுன் பூசை செய்யத் தகுதியுடையவர் என்னும் சான்றிதழ் பெறவேண்டும். ஆகமம் கற்பிக்கும் அங்கீகரிக்கப்பட்ட நிறுவனத்தின் தலைவரோ, மடத்தின் தலைவரோ, ஆணையர் குறிப்பிடும் வேறொருவரோ அதை வழங்கலாம். ஆகவே 'தகுதி' என்பது 2006 இல் புதிதாக நுழைந்த கருத்து அன்று.

1970 ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம்

தீண்டாமை ஒழிப்பு தொடர்பாக இந்திய அரசு அமைத்த இளையபெருமாள் குழு, பரம்பரை அர்ச்சகர் முறையை நீக்கவேண்டும் என்று 1969 இல் அளித்த அறிக்கையில் பரிந்துரைத்தது. அதே காலத்தில் கோயில் கருவறைக்குள் எல்லாச் சாதியினரும் நுழையும் உரிமை கோரிப் பெரியார் ஈ. வெ. இராமசாமி போராட்டம் அறிவித்தார். மு. கருணாநிதி தலைமையிலான தி.மு.க. அரசு 1970 இல் சட்டத் திருத்தம் கொண்டுவந்தது.

திருத்தம் அளவில் சிறியது. காலியிடங்கள் 'எல்லா நேர்வுகளிலும்' அறங்காவலரால் நிரப்பப்படும் என்றும், முந்தைய பணியாளரின் வாரிசு என்ற காரணத்தால் மட்டுமே எவருக்கும் நியமன உரிமை இல்லை என்றும் 55 ஆம் பிரிவு மாற்றப்பட்டது. பணியாளர் என்பதில் அர்ச்சகரும் பூசாரியும் அடங்குவர் என்னும் விளக்கமும் சேர்க்கப்பட்டது. எந்தச் சாதியினரும் அர்ச்சகராகலாம் என்ற சொற்றொடர் சட்டத்தில் எங்கும் இல்லை. பலரும் கவனிக்கத் தவறும் செய்தி இது.

சேசம்மாள் வழக்கு (1972)

பரம்பரை அர்ச்சகர்களும் மடாதிபதிகளும் திருத்தச் சட்டத்தை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் நேரடியாக 12 மனுக்களைத் தாக்கல் செய்தனர். தலைமை நீதிபதி எஸ். எம். சிக்ரி, நீதிபதிகள் குரோவர், ஏ. என். ரே, பாலேகர், பேக் ஆகிய ஐவர் அமர்வு 1972 மார்ச் 14 அன்று தீர்ப்பளித்தது. தீர்ப்பை எழுதியவர் பாலேகர்.

மனுதாரர்களின் வாதம் இதுவே. ஆகமப்படி எழுப்பப்பட்ட கோயிலில் மூலவரைத் தொட்டுப் பூசை செய்ய அந்த ஆகமம் குறிப்பிடும் பிரிவினருக்கு மட்டுமே உரிமை உண்டு. பிறர் தொட்டால் திருமேனியின் புனிதம் கெடும். வாரிசு முறையே இந்தத் தகுதியைக் காத்துவருகிறது. எனவே அதை நீக்குவது அரசியலமைப்பின் 25, 26 ஆம் உறுப்புகள் வழங்கும் சமய உரிமையை மீறுவதாகும். சான்றாக, வைகானச ஆகமக் கோயில்களில் பிருகு, அத்திரி, மரீசி, காசியபர் ஆகிய நான்கு முனிவர் வழியில் வைகானசப் பெற்றோருக்குப் பிறந்தவரே பூசை செய்யலாம் என்பது எடுத்துக்காட்டப்பட்டது.

நீதிமன்றம் வாதத்தை இரண்டாகப் பிரித்தது. அர்ச்சகர் செய்யும் பூசை சமயச் செயல், அவரை நியமிப்பதோ உலகியல் செயல். நியமிக்கும் அறங்காவலர் சமயத் தலைவர் அல்லர். தந்தைக்குப் பின் மகன் என்பது நியமன முறையில் வந்த ஒரு வழக்கம் மட்டுமே, சமயத்தின் கூறு அன்று. எனவே வாரிசு உரிமையை நீக்கிய திருத்தம் செல்லும். அதே வேளையில், கோயிலை அதன் வழக்காற்றுப்படி நிருவகிக்க வேண்டும் என்னும் 28 ஆம் பிரிவு அறங்காவலரைத் தொடர்ந்து கட்டுப்படுத்துகிறது. ஆகவே அர்ச்சகரை ஆகமம் குறிப்பிடும் பிரிவினரிலிருந்தே அவர் தேர்ந்தெடுக்க வேண்டும். அரசு யாரை வேண்டுமானாலும் அமர்த்திவிடும் என்னும் மனுதாரர் அச்சத்துக்கு அப்போது அடிப்படையில்லை என்றும், அத்தகைய விதி பிற்காலத்தில் வகுக்கப்பட்டால் அதை எதிர்த்து வழக்குத் தொடரலாம் என்றும் நீதிமன்றம் கருதியது.

சட்டம் பிழைத்தது. ஆனால் சட்டம் எந்த நோக்கத்தோடு கொண்டுவரப்பட்டதோ அந்த நோக்கம் நிறைவேறவில்லை. தந்தையின் இடம் மகனுக்குத் தானாகக் கிடைக்காது என்ற அளவில் மாற்றம் நின்றது. தேர்ந்தெடுக்கும் வட்டம் ஒரு குடும்பத்திலிருந்து ஒரு பிரிவாக விரிந்தது, அவ்வளவே. இதே கோரிக்கையை முன்வைத்து 1973 டிசம்பரில் சென்னையில் மாநாடு நடத்திய பெரியார் அம்மாதம் 24 ஆம் நாள் காலமானார்.

மகாராசன் குழுவும் 2006 ஆம் ஆண்டு அரசாணையும்

எம். ஜி. இராமச்சந்திரன் ஆட்சிக் காலத்தில் நீதிபதி மகாராசன் தலைமையில் அமைக்கப்பட்ட குழு, 1982 இல் தந்த அறிக்கையில் உரிய பயிற்சி பெற்ற எல்லாச் சாதியினரும் அர்ச்சகராகலாம் என்றும், அதற்குப் பயிற்சி நிலையங்கள் வேண்டும் என்றும் கூறியது. அறிக்கை நெடுங்காலம் செயலுக்கு வரவில்லை.

2002 அக்டோபர் 3 அன்று ஆதித்யன் எதிர் திருவிதாங்கூர் தேவசம் வாரியம் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு நிலைமையை மாற்றியது. எர்ணாகுளம் மாவட்டத்துச் சிவன் கோயில் ஒன்றில் மலையாள பிராமணர் அல்லாத ஒருவரை அர்ச்சகராக அமர்த்தியது சரியே என்றும், பயிற்சியும் தகுதியும் உடையவரைப் பிறப்பை மட்டும் காட்டி விலக்க முடியாது என்றும் அதில் கூறப்பட்டது. எனினும் அக்கோயிலில் மலையாள பிராமணர் மட்டுமே பூசை செய்யவேண்டும் என்னும் வழக்காறு மெய்ப்பிக்கப்படவில்லை என்பதும் அத்தீர்ப்பின் ஒரு பகுதியாகும். இரு தரப்பினரும் தத்தமக்கு வேண்டிய பாதியை மேற்கோள் காட்டுவது இத்தீர்ப்புக்கும் நேர்ந்தது.

2006 மே 23 அன்று, மீண்டும் ஆட்சிக்கு வந்த கருணாநிதி அரசு 118 ஆம் எண் அரசாணையை வெளியிட்டது. உரிய தகுதியும் பயிற்சியும் பெற்ற இந்து எவரும் கோயில்களில் அர்ச்சகராக நியமிக்கப்படலாம் என்பது அதன் சாரம். ஆதி சைவ சிவாச்சாரியார்கள் நலச் சங்கமும் மதுரை மீனாட்சியம்மன் கோயில் அர்ச்சகர்களும் உச்ச நீதிமன்றம் சென்றனர். நியமனங்கள் இடைக்கால ஆணையால் நின்றன. பயிற்சிக்குத் தடையில்லை.

ஸ்ரீரங்கம் பயிற்சிப் பள்ளி

நீதிபதி ஏ. கே. ராஜன் தலைமையிலான குழுவின் பரிந்துரையை ஒட்டி ஆறு இடங்களில் பயிற்சிப் பள்ளிகள் தொடங்கப்பட்டன. மதுரை, பழனி, திருச்செந்தூர், திருவண்ணாமலை ஆகிய நான்கும் சைவப் பள்ளிகள். சென்னைத் திருவல்லிக்கேணியும் ஸ்ரீரங்கமும் வைணவப் பள்ளிகள்.

வைணவப் பள்ளிகள் அமைந்த இவ்விரு கோயில்களும் வெவ்வேறு ஆகமத்தைப் பின்பற்றுபவை. திருவல்லிக்கேணி பார்த்தசாரதி கோயிலில் வைகானசமும், ஸ்ரீரங்கம் அரங்கநாதசுவாமி கோயிலில் பாஞ்சராத்திரமும் வழக்கில் உள்ளன. வைகானசம் பிறப்பு வழியையும், பாஞ்சராத்திரம் தீட்சையையும் முதன்மைப்படுத்துகின்றன என்பது பொதுவாகச் சொல்லப்படும் வேறுபாடு. ஆகவே 'ஆகமம் அனுமதிக்காது' என்று ஒரே சொல்லில் எல்லாக் கோயில்களையும் அடக்கிவிட முடியாது. 'ஆகமம் அனுமதிக்கிறது' என்ற கூற்றுக்கும் இது பொருந்தும். எந்தக் கோயில், எந்த ஆகமம், அது என்ன சொல்கிறது என்று தனித்தனியே பார்க்கவேண்டும்.

முதல் அணியில் பல சாதிகளையும் சேர்ந்த இருநூறுக்கும் மேற்பட்ட மாணவர்கள் 2008 இல் பயிற்சியை முடித்தனர். வழக்கு நிலுவையில் இருந்ததால் அவர்களுக்கு நியமனம் இல்லை. பள்ளிகளும் மூடப்பட்டன. இருபது வயதில் 2007 இல் சேர்ந்த ஒரு மாணவருக்கு 2015 இல் வழக்கு முடிந்தபோது வயது 28. பெருமளவில் நியமன ஆணைகள் வழங்கப்பட்ட 2021 இல் வயது 34. சான்றிதழோடு வேறு தொழில் தேடிச் சென்றவர்கள் பலர். அரசுப் பணித் தேர்வு வழக்குகளில் காலதாமதம் வெற்றி பெற்றவரையும் தோற்றவராக்கும் என்பதற்கு இவர்கள் நிலை நல்ல எடுத்துக்காட்டு.

2021 இல் ஆட்சி மாறியபின் பள்ளிகள் மீண்டும் உயிர்பெற்றன. ஸ்ரீரங்கம் பள்ளியில் ஓராண்டுப் பயிற்சியை முடித்த மூன்று பெண்களுக்கு 2023 செப்டம்பரில் சென்னையில் சான்றிதழ் வழங்கப்பட்டது. அரசுப் பயிற்சிப் பள்ளியில் படித்து அர்ச்சகர் சான்றிதழ் பெற்ற முதல் பெண்கள் இவர்கள். பயிற்சிக்குப் பின் கோயில்களில் உதவி நிலையில் செயல்முறைப் பயிற்சி பெறுவது அடுத்த கட்டமாகும்.

2015 ஆம் ஆண்டுத் தீர்ப்பு

2006 ஆம் ஆண்டு அரசாணை வழக்கில் நீதிபதிகள் ரஞ்சன் கோகோய், என். வி. ரமணா ஆகியோர் 2015 டிசம்பர் 16 அன்று தீர்ப்பு வழங்கினர். அரசாணையை அவர்கள் நீக்கவில்லை. எல்லாக் கோயில்களுக்கும் பொதுவான ஆணையாக அதைச் செயல்படுத்தினால் அது சேசம்மாள் தீர்ப்போடு முரண்படக்கூடும் என்று எச்சரித்தனர். ஆகமப்படி ஒரு பிரிவினரைச் சேர்ப்பதும் பிறரை விலக்குவதும், சாதி, பிறப்பு போன்ற அரசியலமைப்பு ஏற்காத அளவுகோலின் அடிப்படையில் அமையாதவரை, சமத்துவ உரிமையை மீறியதாகாது என்றனர். ஒவ்வொரு நியமனமும் எதிர்க்கப்படும்போது அந்தந்தக் கோயிலின் ஆகமத்தையும் வழக்காற்றையும் பார்த்து முடிவு செய்யப்படவேண்டும் என்று கூறி வழக்கை முடித்தனர்.

இத்தீர்ப்பு விடையளித்ததைவிட விடையைத் தள்ளிப்போட்டது என்றே கூறவேண்டும். கோயிலுக்கு ஒரு வழக்கு என்னும் நிலை இதிலிருந்தே உருவானது. 2018 இல் மதுரையில் சிறிய கோயில் ஒன்றில் பிராமணர் அல்லாத பயிற்சி பெற்ற மாணவர் ஒருவர் அமைதியாக நியமிக்கப்பட்டார்.

2020 ஆம் ஆண்டு விதிகளும் 2021 ஆம் ஆண்டு நியமனங்களும்

1964 ஆம் ஆண்டு விதிகளுக்கு மாற்றாக, கோயில் பணியாளர்களுக்கான புதிய பணி நிபந்தனை விதிகள் 2020 இல் அ.தி.மு.க. ஆட்சியில் வெளியிடப்பட்டன. கல்வித் தகுதி, வயது, நியமன முறை ஆகியவற்றைக் கூறும் 7, 9 ஆம் விதிகள் அர்ச்சகர்களுக்கும் பொருந்தின.

அடுத்த ஆண்டு, மு. க. ஸ்டாலின் தலைமையிலான அரசு பணியிடங்களுக்கு விளம்பரம் செய்தது. 2021 ஆகஸ்ட் 14 அன்று சென்னை மயிலாப்பூரில் நடந்த நிகழ்ச்சியில் 58 அர்ச்சகர்களுக்கு நியமன ஆணைகள் வழங்கப்பட்டன. அவர்களுள் 24 பேர் அரசுப் பள்ளிகளில் பயின்றவர்கள், 34 பேர் பிற பாடசாலைகளில் பயின்றவர்கள். ஓதுவார் முதலிய பிற பணிகளுக்கும் அன்றே ஆணைகள் வழங்கப்பட்டன.

விதிகளை எதிர்த்து அகில இந்திய ஆதி சைவ சிவாச்சாரியார்கள் சேவா சங்கம் உள்ளிட்டோர் தொடர்ந்த வழக்கில், தலைமை நீதிபதி முனீஸ்வர் நாத் பண்டாரி, நீதிபதி என். மாலா ஆகியோர் 2022 ஆகஸ்ட் 22 அன்று தீர்ப்பளித்தனர். விதிகள் செல்லும், ஆனால் ஆகமக் கோயில்களின் அர்ச்சகர் நியமனத்துக்கு அவை பொருந்தா என்பது முடிவு. அப்படியாயின் ஆகமக் கோயில் எது என்ற பட்டியல் வேண்டும். அதுவரை அத்தகைய பட்டியல் அரசிடமோ நீதிமன்றத்திடமோ இல்லை. எனவே ஓய்வுபெற்ற நீதிபதி எம். சொக்கலிங்கம் தலைமையில் ஐவர் குழு அமைக்க ஆணையிடப்பட்டது. முன்னாள் தலைமைத் தேர்தல் ஆணையர் என். கோபாலசுவாமி அதன் உறுப்பினர்களுள் ஒருவராகக் குறிப்பிடப்பட்டார்.

குமாரவயலூர் வழக்கு

திருச்சிராப்பள்ளி நகருக்கு மேற்கே சுமார் 10 கி.மீ. தொலைவில் உள்ள குமாரவயலூர், அருணகிரிநாதரோடு தொடர்புடைய முருகன் தலம். கிருபானந்த வாரியார் இக்கோயில் திருப்பணிக்கு உழைத்தவர். சிவன் சன்னதியும் முருகன் சன்னதியும் கொண்ட இக்கோயிலில் ஆதி சைவ சிவாச்சாரியார்கள் பூசை செய்துவந்தனர்.

2021 ஆகஸ்ட் நியமனங்களில் இக்கோயிலுக்குப் பிராமணர் அல்லாத இருவர் அமர்த்தப்பட்டனர். ஏற்கெனவே கோயிலில் பூசைப் பணி செய்துவந்த ஆதி சைவர் இருவர் இதை எதிர்த்து மதுரைக் கிளையில் மனு இட்டனர். நீதிபதி ஜி. ஆர். சுவாமிநாதன் 2023 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அந்நியமனங்களை நீக்கினார். கோயில் காமிக ஆகமத்தைப் பின்பற்றுவது என்பதால், ஆகமக் கோயிலில் ஆகமம் குறிப்பிடும் பிரிவினரே அர்ச்சகராகலாம் என்னும் சேசம்மாள், 2015 தீர்ப்புகள் இங்கு நேரடியாகப் பொருந்தும் என்பது அவர் கண்ட முடிவு. தீர்ப்பு மேல்முறையீட்டுக்குச் சென்றது.

இவ்வழக்கில் இரு பக்கமும் எளிய மனிதர்களே இருந்தனர் என்பதைக் குறிப்பிடவேண்டும். ஒரு பக்கம் ஆண்டுக்கணக்கில் கோயிலில் பணிசெய்து நிரந்தரப் பணியை எதிர்பார்த்தவர்கள். மறுபக்கம் அரசு நடத்திய பள்ளியில் படித்து, அரசு செய்த விளம்பரத்தைப் பார்த்து விண்ணப்பித்து, முதலமைச்சர் முன்னிலையில் ஆணை பெற்றவர்கள். பிழை விண்ணப்பதாரருடையது அன்று. எந்தக் கோயில் எந்த ஆகமம் என்று உறுதி செய்யாமல் விளம்பரம் செய்ததே சிக்கலின் வேர்.

2025 பிப்ரவரியில் இக்கோயிலில் குடமுழுக்கு நடைபெற்றபோது, இவ்விருவரும் தாங்கள் கருவறைப் பூசையில் சேர்க்கப்படுவதில்லை என்று முறையிட்டனர். நியமன ஆணை ஒருவருக்குப் பணியிடத்தைத் தரலாம், பணியைத் தருவதற்கு அது மட்டும் போதாது என்பதை இது காட்டுகிறது.

சேலம் சுகவனேசுவரர் கோயில் வழக்கு

குமாரவயலூர்த் தீர்ப்பு வந்த சில மாதங்களிலேயே அதே உயர் நீதிமன்றத்தின் சென்னை அமர்வில் வேறொரு தனி நீதிபதி வேறு திசையில் சென்றார். சேலம் சுகவனேசுவரர் கோயிலில் அர்ச்சகர் பணியிடத்துக்கு 2018 இல் வெளியான அறிவிப்பைப் பரம்பரையாகப் பணிசெய்துவந்த குருக்கள் ஒருவர் எதிர்த்திருந்தார். 2023 சூன் 26 அன்று நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் அளித்த தீர்ப்பில், ஆகமத்தில் தேர்ச்சியும் பயிற்சியும் பெற்றவர் எவராயினும் நியமிக்கப்படலாம் என்றும், சாதி வழிப் பிறப்புக்கு இதில் இடமில்லை என்றும் கூறினார். மனுதாரரும் தேர்வில் பங்கேற்கலாம் என்றார். இத்தீர்ப்புக்குத் தடைவிதிக்கத் தலைமை நீதிபதி கங்காபுர்வாலா தலைமையிலான அமர்வு மறுத்தது.

இரு நீதிபதிகளும் சேசம்மாள் தீர்ப்பையே அடிப்படையாகக் கொண்டனர். ஒருவர் அதில் ஆகமம் கூறும் பிரிவு என்பதைப் பிறப்போடு இணைத்துப் படித்தார். மற்றவர் ஆகமத் தேர்ச்சி என்பதைப் பிறப்பிலிருந்து பிரித்துப் படித்தார். 1972 ஆம் ஆண்டுத் தீர்ப்பில் இரண்டு வாசிப்புக்கும் இடம் இருப்பதே காரணம்.

பிற பணித் தேர்வு வழக்குகளோடு ஒப்பீடு

வழக்கமான அரசுப் பணித் தேர்வு வழக்குகளில் நீதிமன்றம் பார்ப்பது தேர்வு நேர்மையாக நடந்ததா என்பதையே. தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் 2000-2001 ஆம் ஆண்டு முதல் தொகுதித் தேர்வில் தேர்ந்தெடுக்கப்பட்ட 83 பேரின் தேர்வைச் சென்னை உயர் நீதிமன்றம் 2011 இல் நீக்கியது. விடைத்தாள்களில் விதிமுறை மீறல்கள் காணப்பட்டன என்பது காரணம். அதை உச்ச நீதிமன்றம் 2014 இல் உறுதி செய்தது. அங்கு யார் தேர்வெழுதலாம் என்பதில் ஐயமில்லை, எப்படித் தேர்ந்தெடுத்தார்கள் என்பதே சிக்கல். அர்ச்சகர் வழக்குகளில் நிலைமை தலைகீழ். தேர்ச்சியில் முறைகேடு என்று எவரும் பெரிதாகக் குற்றஞ்சாட்டுவதில்லை. யாருக்கு விண்ணப்பிக்கும் உரிமை உண்டு என்பதே அடிப்படைச் சண்டை. எனவே தேர்வு எவ்வளவு ஒழுங்காக நடத்தப்பட்டாலும் வழக்கு எழுகிறது.

கேரளம் இதில் ஒரு படி முன்னே சென்றது. 2015 ஆம் ஆண்டுச் சட்டப்படி தேவசம் ஆட்சேர்ப்பு வாரியம் என்னும் தனி அமைப்பு அங்கு உருவானது. எழுத்துத் தேர்வு, நேர்காணல், இட ஒதுக்கீடு ஆகியவற்றோடு திருவிதாங்கூர் தேவசத்துக்கு 2017 இல் தேர்ந்தெடுக்கப்பட்ட அர்ச்சகர்களுள் 36 பேர் பிராமணர் அல்லாதோர், அவர்களுள் ஆறு பேர் தலித்துகள். எனினும் சபரிமலை மேல்சாந்தி பதவிக்கு மலையாள பிராமணர் மட்டுமே விண்ணப்பிக்கலாம் என்ற நிபந்தனையை எதிர்த்த மனுக்களைக் கேரள உயர் நீதிமன்றம் 2024 பிப்ரவரியில் தள்ளுபடி செய்தது.

உச்ச நீதிமன்றத்தின் இடைக்கால ஆணைகள்

2022 ஆம் ஆண்டுத் தீர்ப்பை ஒட்டிய மேல்முறையீடுகள் உச்ச நீதிமன்றம் சென்றன. 2023 செப்டம்பரில் நீதிபதிகள் போபண்ணா, எம். எம். சுந்தரேஷ் ஆகியோர், ஆகமக் கோயில்களின் அர்ச்சகர் நியமனத்தில் அப்போதிருந்த நிலையே தொடரவேண்டும் என்று ஆணையிட்டனர். இதனால் பயிற்சிப் பள்ளிகளில் படித்து வெளிவந்த புதிய அணிகளும் முதல் அணியைப் போலவே காத்திருக்க நேர்ந்தது. 2025 மே மாதம், ஆகமம் சாராத கோயில்களில் நியமனம் செய்ய நீதிமன்றம் அரசுக்கு அனுமதி வழங்கியது. ஆகமக் கோயில்களை அடையாளம் காணும் பணியை விரைந்து முடிக்கவும் அப்போது கூறப்பட்டது.